கரான்ஸ் என்று ஒரு பெண்பிள்ளைப் பெயர்: பொருள் என்ன, எங்கிருந்து வந்தது?

மழலைக்கூடம் (லியோன்)

எல்லாருக்கும் வணக்கம். நான் லியோனில ஒரு கிரெஷில வேலை செய்யிறன். வேலைக்குப் போற தாய் தகப்பன் பிள்ளையளைப் பகலில விட்டுட்டுப் போற இடம். ஒவ்வொரு செப்டெம்பரும் புதுப் பிள்ளையள் வரேக்க, கோட்டுக் கொழுவிற கொளுக்கிக்கு மேல பேர் எழுதி ஒட்டுறது என்ர வேலை. எம்மா, ஜாட், லூயிஸ், அலிஸ் எல்லாம் கண்ணை மூடிக்கொண்டு எழுதுவன். இந்த முறை ஒரு பேர் வந்தது: கரான்ஸ். முதல் எழுத்து 'கங்கை'யில வாற க. 'ரா' தொண்டைக்குள்ள. 'ன்' சொல்லப்படாது, மூக்கால விட்டுட்டு 'ஸ்' எண்டு முடிக்கவேணும்.

பிரான்சுக்கு வந்து 19 வருசம், இந்தப் பேரில ஒரு பிள்ளையை இப்பதான் பாக்கிறன். இணையத்தில தேடினா ஒரு பக்கம் 'பூ' எண்டுது, இன்னொண்டு 'சிவப்பு' எண்டுது, மூண்டாவது 'உத்தரவாதம், காவல்' எண்டுது. எது சரி? தாயிட்ட நேர கேக்கலாம்தான், ஆனா வந்த முதல் கிழமையே பேரைப் பற்றி விசாரிச்சா என்ன நினைப்பாவோ. தெரிஞ்ச ஆக்கள் சொல்லுங்கோ.

காரைக்காலன் (புதுச்சேரி)

அக்கா, பூ என்பதும் சிவப்பு என்பதும் அரை அரை உண்மை. கரான்ஸ் என்பது ஒரு செடி. லத்தீனில் ரூபியா டிங்க்டோரம். அதன் வேரிலிருந்து சிவப்புச் சாயம் எடுப்பார்கள். அந்தச் சிவப்புக்கும் அதே பெயர்தான். நம்மூர் நாட்டு மருந்துக் கடையில் மஞ்சிட்டி கேட்டால் காய்ந்த செந்நிறத் தண்டும் வேருமாக ஒரு கட்டு தருவார்களே, அதன் கூடப்பிறந்தது. மஞ்சிட்டியும் ரூபியாதான், இனம் மட்டும் வேறு.

டப்பா_டான்ஸ்

கரான்ஸ் = கியாரண்டி. பிள்ளைக்கு எத்தனை வருஷ வாரண்டி என்று கேட்டுச் சொல்லுங்கள்.

சொல்லாய்வான்

டப்பா தம்பி கிண்டலாகச் சொன்னதைத்தான் பெயர்ப் பொருள் தளங்கள் பல நிஜமென்று எழுதி வைத்திருக்கின்றன, அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

பிரெஞ்சில் 'கராந்தி' (உத்தரவாதம்) வேறு குடும்பம், 'கரான்ஸ்' வேறு குடும்பம். இரண்டும் ஜெர்மானிய மொழியிலிருந்து வந்தவை, இரண்டும் பழைய காலத்தில் 'வ' என்று தொடங்கியவை. ஒற்றுமை அத்தோடு சரி. நம் செடியின் பெயருக்கு மூலம், பழைய பிரான்சை ஆண்ட ஜெர்மானியரான பிராங்க் மக்களின் பேச்சில் இருந்த 'வ்ரட்யா' போன்ற ஒரு சொல் என்பது அகராதிக்காரர்கள் கொள்ளும் முடிவு. 'போன்ற' என்று சொல்லக் காரணம், அந்தப் பேச்சு எழுத்தில் நமக்குக் கிடைக்கவில்லை. பின்னால் வந்த வடிவங்களை வைத்து மீட்டெடுத்ததுதான். அது இடைக்கால லத்தீனுக்குள் 'வரெந்தியா' என்று நுழைந்தது.

வ எப்படி க ஆனது என்று கேட்பீர்கள். பிரெஞ்சில் இது ஊரறிந்த விஷயம். இங்கிலாந்தில் வில்லியம் என்பவர் பிரான்சில் கியோம். போருக்கு ஆங்கிலத்தில் 'வார்', பிரெஞ்சில் 'கேர்'. காவலுக்கு அங்கே 'வார்டு', இங்கே 'கார்து'. பிராங்குகளின் வ-வைச் சொல்ல வராத வாய்கள் முன்னால் ஒரு க-வைப் போட்டுக்கொண்டன, நாளாக வ கழன்றது. வடக்கே பிக்கார்டிப் பக்கம் வ கழலாமல் 'வரான்ஸ்' என்றே நெடுநாள் இருந்தது.

எனக்கு இதில் மிகப் பிடித்த இடம் ஒன்று உண்டு. பிராங்க் மன்னர் சார்லமேன் காலத்தில், ஏறக்குறைய 800-இல், அரச பண்ணைகளை எப்படி நடத்த வேண்டும் என்று ஓர் ஆணை எழுதினார்கள். அதில் பெண்கள் நூற்று, நெய்து, தைக்கும் கூடங்களுக்கு உரிய காலத்தில் என்னென்ன கொடுக்க வேண்டும் என்று ஒரு பட்டியல்: ஆளிச்செடி நார், கம்பளி, நீலச்சாயத் தழை, செம்பூச்சிச் சாயம், 'வரெந்தியா', சீப்பு, சவர்க்காரம்... மளிகைச் சீட்டு மாதிரிப் போகும். இந்தச் சொல் நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய இடங்களில் அது ஒன்று. பின்னால் பெண்பெயராகப் போகிற சொல், பெண்கள் வேலை செய்த அறைக்கான சாமான் சீட்டில் கிடக்கிறது.

கறுப்புவெள்ளை

ஐயா வேர் வரைக்கும் தோண்டிவிட்டார். ஆனால் செடிப்பெயர் எப்படிப் பெண்பெயர் ஆனது? அதற்குப் பதில் சினிமா. மார்செல் கார்னே இயக்கி, ழாக் ப்ரெவேர் எழுதிய 'சொர்க்கத்தின் குழந்தைகள்', 1945 மார்ச்சில் பாரிசில் வெளியான படம். ஜெர்மன் ஆக்கிரமிப்பு இருக்கும்போதே எடுத்தது, மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும். ('சொர்க்கம்' என்றால் நாடகக் கொட்டகையில் கூரையை ஒட்டிய கடைசி மாடி, காசில்லாதவர்கள் உட்காரும் இடம். நம்மூர் தரை டிக்கெட்டைத் தூக்கி உச்சியில் வைத்த மாதிரி.) அதில் ஆர்லெத்தி நடித்த பாத்திரத்தின் பெயர் கரான்ஸ். நான்கு ஆண்கள் அவளைச் சுற்றுவார்கள், அவள் ஒருவர் கைக்கும் முழுதாக அகப்படமாட்டாள். படத்தில்கூட அது வைத்த பெயர் இல்லை, கூப்பிடும் பெயர். சொந்தப் பெயர் க்ளேர். அதற்கு முன் பிரான்சில் இப்படி ஒரு பெண்ணைக் காண்பது அபூர்வம். இன்றும் இந்தப் பெயர் வைத்தால் "அந்தப் படம் பிடிக்குமா?" என்று கேட்கும் பெரியவர்கள் உண்டு.

படத்தில் அவளே தன் பெயர் ஒரு பூவின் பெயர் என்று சொல்வாள். உடனே எதிரில் நிற்பவன், உன் உதட்டைப் போல் சிவந்த பூ என்று வழிவான்.

வேர்க்கடலை

வழிந்தவன் அந்தப் பூவைப் பார்த்ததே இல்லை என்று அர்த்தம்.

எங்கள் வீட்டுத் தோட்டத்தில் மூன்று வருஷமாக இந்தச் செடி இருக்கிறது. பூ மிளகைவிடக் கொஞ்சம் பெரிசு, வெளிறிய மஞ்சள், ஐந்து இதழ். கிட்டப் போய்க் குனிந்தால்தான் தெரியும். தண்டைச் சுற்றி வட்டம் வட்டமாக இலை, தண்டிலும் இலை விளிம்பிலும் பூனை நாக்கு மாதிரிக் கொக்கி. கையில் பட்டால் கீறிவிடும், சட்டையில் பட்டால் விடாது. காய் பழுத்தால் கறுப்பு. மேலே எங்குமே சிவப்பு கிடையாது.

சிவப்பெல்லாம் மண்ணுக்குள். மூன்று வருஷம் பொறுக்க வேண்டும், அதற்கு முன் தோண்டினால் சாயம் தேறாது. போன மாதம் ஒரு ஓரம் தோண்டிப் பார்த்தேன். பென்சில் தடிமனில் வேர், வெளியே செம்மண் நிறம். ஒடித்தால் உள்ளே ஆரஞ்சு. தண்ணீரில் போட்டு இளஞ்சூட்டில் வைத்தேன், கொதிக்க விட்டால் பழுப்பாகிவிடும் என்பதால். படிகாரத்தில் ஊறவைத்த பருத்தித் துணியைப் போட்டேன். ஒரு மணி நேரத்தில் செங்கல் நிறம், விடிய எடுத்தால் நல்ல சிவப்பு. விரல் நகம் நான்கு நாள் அப்படியே இருந்தது, மருதாணி வைத்தாயா என்று கேட்டார்கள்.

இன்னொன்று. இது காப்பிச்செடிக் குடும்பம். இட்லிப்பூவும் நுணாவும் அதே குடும்பம்தான்.

பீரங்கி

பிரான்சில் கரான்ஸ் என்றவுடன் என் போன்ற ராணுவ வரலாற்றுப் பைத்தியங்களுக்கு முதலில் வருவது காற்சட்டை. 1829-இல் பிரெஞ்சு காலாட்படைக்குச் சிவப்புக் காற்சட்டை கொடுத்தார்கள். அதன் பெயரே 'கரான்ஸ் காற்சட்டை'. தெற்கே அவிஞ்ஞோனைச் சுற்றி, வோக்ளூஸ் பகுதியில் இந்தச் செடியைப் பயிர் செய்தவர்களுக்கு நல்ல காலம். அங்கே அதைப் பெரிய பயிராக்கியவர் ழான் அல்தேன் என்ற ஆர்மீனியர், 18-ஆம் நூற்றாண்டில் பாரசீகப் பக்கமிருந்து வந்தவர். இன்றும் அவர் பெயரில் அல்தேன்-தே-பாலூ என்று ஓர் ஊர் இருக்கிறது.

நல்ல காலம் எப்படி முடிந்தது? வேரில் சிவப்பைத் தரும் பொருளை 1826-இலேயே ரோபிக்கே, கொலன் என்ற இரண்டு பிரெஞ்சுக்காரர்கள் பிரித்தெடுத்து அலிசரின் என்று பெயர் வைத்திருந்தார்கள். 1868-இல் கிரேபே, லீபர்மன் என்ற இரண்டு ஜெர்மானியர்கள் அதையே கரித்தாரிலிருந்து கிடைக்கும் பொருளிலிருந்து செய்துவிட்டார்கள். அடுத்த வருஷமே காப்புரிமை, தொழிற்சாலை. சில ஆண்டுகளில் வோக்ளூஸ் வயல்கள் திராட்சைக்கும் காய்கறிக்கும் மாறின. பூச்சிகளைப் பற்றி எழுதிய ழான்-ஆன்றி ஃபாபர் அப்போது அவிஞ்ஞோனில் வாத்தியார். வேரிலிருந்து சாயத்தைச் சுத்தமாகப் பிரித்துத் தொழிலாக்கி, அந்த வருமானத்தில் வாத்தியார் வேலையை விட்டுவிடலாம் என்று பல வருஷம் உழைத்திருந்தார். அவருடைய கணக்கும் அதோடு போயிற்று.

உச்சம் இனிதான். 1914-இல் போர் தொடங்கியபோது பிரெஞ்சுக்காரன் அதே சிவப்புக் காற்சட்டையில்தான் போனான். மாற்றலாம் என்று முன்பே பேச்சு வந்தபோது, சிவப்புக் காற்சட்டை என்றால்தான் பிரான்ஸ் என்று முன்னாள் போர் அமைச்சர் ஒருவரே மறுத்தார். அந்தத் துணிக்குச் சாயம் அப்போது எங்கிருந்து வந்துகொண்டிருந்தது தெரியுமா? ஜெர்மனியிலிருந்து! தேசத்தின் அடையாளத்தையே எதிரியிடம் வாங்கி உடுத்தியிருந்தார்கள். நீலம், வெள்ளை, சிவப்பு நூல் கலந்து புதுத் துணி நெய்யத் திட்டம் போட்டால், போர் வந்ததும் சிவப்பு வரவில்லை. சிவப்பை விட்டு நெய்தார்கள். அதுதான் 1915 முதல் பரவலான 'அடிவான நீலம்'.

1914 ஆகஸ்டு 22, ஒரே நாளில் சுமார் 27,000 பிரெஞ்சு வீரர்கள் செத்தார்கள். எல்லாம் அந்தக் கலரால்.

சொல்லாய்வான்

கடைசி வரியை மட்டும் ஏற்க முடியாது தம்பி. சாம்பல் உடுப்புப் போட்ட ஜெர்மானியர்களும் அந்த மாதங்களில் கொத்துக் கொத்தாகத்தான் செத்தார்கள். இயந்திரத் துப்பாக்கிக்கும் பீரங்கிக்கும் எதிரே வெட்டவெளியில் ஓடவிட்டால் எந்த நிறமும் காப்பாற்றாது. சிவப்பு எளிதில் தெரியும் என்பது உண்மை. பழி முழுவதையும் சாயத்தின்மேல் போட்டால் உத்தரவு போட்டவர்கள் தப்பித்துவிடுகிறார்கள்.

பீரங்கி

சரி ஐயா, 'எல்லாம்' என்பதை வாபஸ் வாங்குகிறேன். காற்சட்டையை வாங்க முடியாது.

கலங்காரி

இத்தனை பேர் பேசியும் ஒருவரும் நம் சாயவேரைப் பற்றிச் சொல்லவில்லையே! இம்பூறல் என்றும் சொல்வார்கள். கடற்கரை மணலில் தரையோடு படரும் பூண்டு, வெள்ளையாகச் சின்னப் பூ. வேர்க்கடலை சொன்ன அதே காப்பிக் குடும்பம். வேரில் இருப்பதும் அதே அலிசரின். சோழமண்டலக் கரையின் சிவப்புத் துணி, கலங்காரி, சீட்டி, எல்லாச் சிவப்பும் அதுதான்.

பிரான்சுக்கும் இதற்கும் நேர்த் தொடர்பு இருக்கிறது. இந்தத் துணிகள் 17-ஆம் நூற்றாண்டில் அங்கே போய் இறங்கியதும் சீமாட்டிகள் முதல் வேலைக்காரிகள் வரை அதையே கட்டினார்கள். உள்ளூர்ப் பட்டு, கம்பளிக்காரர்கள் அலறவே, 1686-இல் அரசு தடை போட்டது. இறக்குமதிக்கு மட்டுமல்ல, அதைப் பார்த்து அங்கேயே அச்சடிப்பதற்கும் தடை. 1759 வரை நீடித்தது. கட்டினவர்கள் கட்டிக்கொண்டேதான் இருந்தார்கள் என்பது வேறு கதை.

அந்தத் தடைக் காலத்திலேயே, 1742-இல், இங்கே இருந்த கேர்தூ என்ற இயேசு சபைப் பாதிரியார், துணிக்கு எப்படி நிறம் ஏற்றுகிறார்கள் என்று விசாரித்துப் பிரான்சுக்குக் கடிதம் எழுதினார். கடுக்காய், எருமைப்பால், படிகாரம், சாயவேர் என்று முறை முழுவதும் அதில் இருக்கிறது. நம் சொற்களையே பிரெஞ்சு எழுத்தில் எழுதியிருக்கிறார். எருமைப்பால் எதற்கு என்றால், அதன் கொழுப்பு இருந்தால்தான் மையும் படிகாரக் கரைசலும் துணியில் பரவாமல் நிற்கும். நானும் பாக்கெட் பாலை வைத்து ஒப்பேற்றப் பார்த்தேன். ஓரமெல்லாம் ஊறிப்போய்க் கோடு கோடாக இல்லாமல் கறை கறையாக வந்தது.

மழலைக்கூடம் (லியோன்)

ஐயோ, ஒரு பேர் கேக்கப் போய் இவ்வளவா! எல்லாருக்கும் நன்றி.

கலங்காரி அக்கா, சாயவேர் எண்டதும் எனக்குத் திடுக்கிட்டது. ஒல்லாந்தர் காலத்தில மன்னாரிலயும் யாழ்ப்பாணத்திலயும் சாயவேர் தோண்டி எடுத்து ஏத்தினவை எண்டு அப்பு சொல்லுவார். நாங்கள் கதையெண்டு நினைச்சு இருந்தம்.

கலங்காரி

அப்பு சொன்னது சரி. ஒல்லாந்தக் கம்பெனி அதைத் தன் கைக்குள் வைத்திருந்தது. மன்னார் வேருக்கு இந்தக் கரையில் நல்ல பெயர்.

பெயர்ப்பித்து (பாரிஸ்)

சட்டப் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் 'ஏன் இப்போதுதான் பார்க்கிறேன்' என்ற அக்காவின் கேள்விக்குப் பதில் அதில் பாதி இருக்கிறது. பிரான்சில் 1803-ஆம் ஆண்டுச் சட்டப்படி, நாட்காட்டியில் உள்ள பெயர்களும் பழைய வரலாற்றில் தெரிந்த பெயர்களும்தான் வைக்கலாம் என்று இருந்தது. புனிதர் கரான்ஸ் என்று யாரும் கிடையாது. பதிவாளர் முடியாது என்றால் முடியாதுதான். 1966-இல் ஒரு சுற்றறிக்கை கொஞ்சம் தளர்த்தியது. 1993 ஜனவரியில்தான் பெற்றோர் விரும்பிய பெயரை வைக்கலாம் என்று சட்டம் வந்தது. பிள்ளைக்குக் கெடுதல் என்று தோன்றினால் மட்டும் நீதிபதியிடம் போகும். 2014-இல் வலான்சியேன் நகரில் ஒரு பெண்குழந்தைக்கு நுட்டெல்லா (ரொட்டியில் தடவும் சாக்லேட் பசையின் பெயர்) என்று வைக்கப் போய், நீதிமன்றம் எல்லா என்று மாற்றியது.

வேடிக்கை என்னவென்றால், கரான்ஸ் ஒருகாலத்தில் நாட்காட்டியில் இருந்தது! புரட்சிக்குப் பின் 1793-இல் கொண்டுவந்த குடியரசு நாட்காட்டியில் புனிதர்களைத் தூக்கிவிட்டு ஒவ்வொரு நாளுக்கும் ஒரு செடி, ஒரு மிருகம், ஒரு கருவி என்று பெயர் கொடுத்தார்கள். புரூமேர் மாதம் 23-ஆம் நாள் கரான்ஸ். நம் கணக்கில் நவம்பர் 13 வாக்கில். அடுத்த நாள் ஆரஞ்சு, அதற்கடுத்த நாள் ஃபெசன்ட் என்ற கோழியினப் பறவை. நெப்போலியன் ஆட்சியைப் பிடித்த புரூமேர் 18-க்கு ஐந்து நாள் தள்ளி. அந்த நாட்காட்டி 1805 முடிவோடு போய்விட்டது. இப்போது கரான்ஸ்களுக்குப் பெயர்நாள் வாழ்த்துச் சொல்ல வேண்டுமானால், பூப்பெயர்க்காரர்களோடு சேர்த்து அக்டோபர் 5, புனித ஃப்ளேர் நாளில் சொல்கிறார்கள். பூவே இல்லாத பூ!

என் சொந்த அபிப்பிராயம்: பாரிசில் இது கொஞ்சம் 'போபோ' பெயர். புத்தகம், சைக்கிள், இயற்கைத் தயிர் வீட்டுப் பெயர். நடிகை கரான்ஸ் மரிய்யே 1998-இல் பிறந்தவர். அந்தத் தலைமுறையிலிருந்துதான் கண்ணில் படத் தொடங்கியது. கப்புசின் என்ற பெயர் மாதிரி வகுப்புக்கு ஒன்று என்று இன்னும் ஆகவில்லை.

டப்பா_டான்ஸ்

இந்தத் தடவை சீரியஸ். தமிழில் 'கரான்ஸ்' என்று எழுதினால் நம் ஆட்கள் 'கடல்' க போட்டுத்தானே வாசிப்பார்கள்? பிரெஞ்சில் அந்த உச்சரிப்பில் வேறு சொல் ஏதாவது இருக்கிறதா?

காரைக்காலன் (புதுச்சேரி)

இருக்கிறது தம்பி, அதுதான் வில்லங்கம். கடல் க போட்டால் 'குறைபாடு, பற்றாக்குறை'. ரத்தப் பரிசோதனைச் சீட்டில் இரும்புச்சத்துப் பற்றாக்குறைக்கு அந்தச் சொல்லைத்தான் போடுவார்கள். ஒரே ஒரு எழுத்தில் பிள்ளையைச் சோகை ஆக்கிவிடலாம்.

மழலைக்கூடம் (லியோன்)

கடவுளே. முதல் நாள் நான் எப்பிடிக் கூப்பிட்டன் எண்டு இப்ப யோசிக்கிறன்.

வேர்க்கடலை

சிவந்த வேரைச் சத்துக்குறைவு என்று கூப்பிட்டிருக்கிறீர்கள். தாய் சிரித்திருப்பார், விடுங்கள். கேட்டுப் பார்த்தீர்களா?

மழலைக்கூடம் (லியோன்)

மூண்டு கிழமைக்குப் பிறகு வாறன், மன்னிக்கவேணும். பிள்ளையளுக்குக் காய்ச்சல், பிறகு எனக்குக் காய்ச்சல்.

நேற்றுப் பின்னேரம் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போக அம்மம்மா வந்தவ. துணிஞ்சு கேட்டிட்டன். படமோ எண்டன், இல்லையாம், அந்தப் படத்தை அவ பாதியிலயே நித்திரை கொண்டிட்டாவாம். காற்சட்டையோ எண்டன், சிரிச்சா. அவ நீர்வண்ணப் படம் கீறுறவ. மகள், அதாவது பிள்ளையின்ர தாய், சின்னனில அவவின்ர நிறப் பெட்டியில இருக்கிற குழாய்களின்ர பேரை வாசிச்சு வாசிச்சுத்தான் எழுத்துக் கூட்டப் பழகினதாம். அதில ஒரு ரோசாச் சிவப்புக் குழாயில 'லாக் தெ கரான்ஸ்' எண்டு போட்டிருக்குமாம். எனக்கொரு பிள்ளை பிறந்தா இந்தப் பேர்தான் எண்டு ஆறு வயசிலயே சொல்லிப்போட்டாவாம்.

காரைக்காலன் (புதுச்சேரி)

லாக் என்றால் சாயத்தைப் படிகாரத்தோடு சேர்த்துப் பொடியாக்கிச் செய்யும் வண்ணம். ஆக அதுவும் வேர்தான், குழாய்க்குள் போய்விட்டது.

டப்பா_டான்ஸ்

இருபது பதிவு போட்டு ஒருத்தரும் பெயிண்ட் என்று சொல்லவில்லை பாருங்கள்.

வேர்க்கடலை

அக்கா, என்னிடம் கறுத்துக் காய்ந்த விதை ஒரு பொட்டலம் இருக்கிறது. அம்மம்மாவுக்கு வேண்டுமா என்று கேளுங்கள், தபாலில் போடுகிறேன். மூன்று வருஷம் பொறுக்கச் சொல்லுங்கள். வேலி ஓரமாகப் போடச் சொல்லுங்கள், நடுவில் போட்டால் தோட்டம் முழுக்கப் பிடித்துக்கொள்ளும்.

மழலைக்கூடம் (லியோன்)

கேட்டன். பல்கனிதானாம் இருக்கு. பெரிய தொட்டியில வளருமோ எண்டு கேக்கிறா.